எம்.ஃபில். போதும்மா

திருவெறும்பூர்
20.6.2024

அன்புள்ள ரங்கா,

நீயும் மைதிலியும் நலம்தானே? போனில் பேச ஆரம்பித்தால் பாதியிலேயே வைத்துவிடுகிறேன். அதனால் ஹாஸ்டல் காலத்து லீவு நாட்களைப் போலக் கடிதம்.

கல்லூரி திறந்துவிட்டது, நான் வீட்டில் இருக்கிறேன். ஒவ்வொரு ஏப்ரலிலும் ஒப்பந்தம் முடியும், ஜூனில் புதுப்பிப்பார்கள். இந்த முறை, ‘நெட், செட் தகுதித் தேர்வுகளில் தேர்ச்சி இல்லாததால் நீட்டிக்க இயலாது’ என்று ஒரே வரி. நீ செட் முடித்துவிட்டாய். நான் இரண்டு முறை எழுதித் தோற்று, பையன் பிறந்ததும் விட்டுவிட்டேன்.

மதுரை ஹைகோர்ட்டில் ரிட் மனு போட்டிருக்கிறேன். நாம் ஒன்றாக நேர்காணலுக்குப் போனபோது பழைய முதல்வர், “எம்.ஃபில். போதும்மா, வேற எதுவும் கேக்க மாட்டோம்” என்றாரே, நினைவிருக்கிறதா? அவர் காலமாகிவிட்டார். அறையில் இருந்த மற்ற இருவர் நீயும் நானும்தான். நீ அதை ஒரு பிரமாணப் பத்திரமாகக் கொடுத்தால் வழக்குக்குப் பலம் என்கிறார் வக்கீல் தர்மராஜ். கொடுப்பாயா?

உன்
பானு

ஸ்ரீரங்கம்
27.6.2024

என் பானுவுக்கு,

இதையெல்லாம் கேட்க வேண்டுமா? கட்டாயம் தருகிறேன். எல்லாம் நேற்று நடந்தது போல இருக்கிறது. நீ பச்சைச் சேலை. நான் அம்மாவின் பட்டைக் கட்டிக்கொண்டு வேர்த்துக் கொட்டினேன். அவர் ‘போதும்மா’ என்றதும் மேஜைக்கு அடியில் என் கையைக் கிள்ளினாயே. சத்திரம் பஸ் ஸ்டாண்டில் ரோஸ் மில்க் வாங்கிக்கொடுத்து, “இனிமே ரிட்டயர் ஆகற வரைக்கும் ஒண்ணாத்தான்டி” என்றாய்.

தொட்டியத்தில் வாழைத்தோட்டம் காட்டப் பிள்ளைகளைக் கூட்டிப்போய் மழையில் மாட்டிக்கொண்டோமே, பம்ப்செட் கொட்டகையில் நீ நடத்திய பாடத்தை ஒரு பழைய மாணவி போன வாரம் வந்து சொல்லிக்கொண்டிருந்தாள். துறையில் உன் நாற்காலி அப்படியே இருக்கிறது. பத்திரத்தை அனுப்பு. பெருமாள் கைவிட மாட்டார்.

உன்
ரங்கா

திருவெறும்பூர்
18.7.2024

அன்புள்ள ரங்கா,

பத்திரத்தைக் கூரியரில் அனுப்பியிருக்கிறேன். படித்துப் பார்த்து, நோட்டரி முன்னால் கையெழுத்திட்டால் போதும். உன் கடிதத்தை இவரிடம் வாசித்துக் காட்டினேன். “ரங்கா சொன்னா சொன்னதுதான்” என்றார். பல நாள் கழித்து அன்றுதான் நிம்மதியாகத் தூங்கினேன்.

உன்
பானு

ஸ்ரீரங்கம்
8.8.2024

அன்புள்ள பானு,

பதில் தாமதமாகிவிட்டது. கோபித்துக்கொள்ளாதே. ஆடிப்பெருக்குக்கு அம்மா மண்டபத்தில் நிற்க இடமில்லை. காவிரி அப்படி ஓடுகிறது. மைதிலிக்குப் பிளஸ் டூ, நேரமே இல்லை.

கல்லூரிச் செயலாளர் கூப்பிட்டனுப்பினார். “பானு மேடம் கேஸ்ல உங்க பேரும் வருதாமே” என்று மட்டும் கேட்டார். காபி கொடுத்து அனுப்பிவிட்டார். எனக்கும் அதே ஒப்பந்தம்தானே, பானு.

யோசித்துப் பார்த்தால், அவர் சொன்ன வார்த்தை அதுதானா என்று எனக்கே இப்போது தெளிவாக இல்லை. சத்தியம் செய்து கொடுப்பது அல்லவா? வேறு யாராவது கிடைப்பார்களா என்று வக்கீலிடம் கேட்டுப் பாரேன். ஞாயிற்றுக்கிழமை வீட்டுக்கு வா. அக்காரவடிசல் செய்கிறேன்.

உன்
ரங்கா

திருவெறும்பூர்
12.9.2024

அன்புள்ள ரங்கநாயகிக்கு,

போன வாரம் உத்தரவு வந்தது. மனு தள்ளுபடி. தகுதி இல்லாதவருக்கு ஒப்பந்தத்தை நீட்டிக்கச் சொல்ல முடியாது, முதல்வர் சொன்னதாகச் சொல்வதற்கும் ஆதாரமில்லை என்று எழுதியிருக்கிறார்கள். மேல்முறையீடு வேண்டாம் என்று விட்டுவிட்டேன். இங்கேயே ஒரு பள்ளியில் சேர்ந்திருக்கிறேன். செம்பருத்தியைப் பிரித்துக் காட்டினால் பிள்ளைகள் வாயைப் பிளந்துகொண்டு பார்க்கிறார்கள்.

உன்மேல் கோபம் இல்லை. மைதிலி நன்றாகப் படிக்கட்டும். மதுரையிலிருந்து வரும்போது பஸ்ஸில் நம் பழைய நாட்களைத்தான் நினைத்துக்கொண்டு வந்தேன். ஒரு டிபன் பாக்ஸில் இருவரும் சாப்பிட்டது, உனக்குக் காய்ச்சல் வந்தபோது உன் வகுப்புகளையும் நான் எடுத்தது எல்லாம் நடந்ததுதான். அதிலெல்லாம் எனக்குச் சந்தேகம் வரவில்லை.

விசாரணைக்கு முன்னால் வக்கீல் கேட்டார். “உங்க ஃப்ரெண்ட் கூட இருந்தாங்கன்னு சொன்னீங்களேம்மா. அவங்க பேரையாவது மனுவுல சேர்க்கட்டுமா?”

“இல்லைங்க சார். நான்தான் தப்பா சொல்லிட்டேன். அன்னைக்கு நான் தனியாத்தான் போனேன்” என்றேன்.

பானு