அடுப்படியில் நின்ற பசு

அன்புள்ள தாமசின்,

ராஜாவின் குதிரைப்படை, கண்ணில் பட்ட மாடுகளையெல்லாம் பறித்துக்கொண்டு, ஊஸ்டர் சாலையில் வருகிறதென்றதும், என் ஒரே பசுவைக் கேட்காமலே ஓட்டிக்கொண்டு போனாய். திருடுகிறாய் என்றே நினைத்தேன், கர்த்தர் மன்னிக்கட்டும். உன் வீட்டு வேலி மறைவில் நின்று எல்லாவற்றையும் கேட்டேன்.

"அடுப்படியில பசுவா? யாருதும்மா?" என்றான் சிப்பாய்.

உன் கதவில் ஒட்டியிருந்த, தளபதி கையெழுத்திட்ட பாதுகாப்புச் சீட்டைக் காட்டினாய். "வீட்டுக்குள்ள இருக்கிற எதையும் தொடக் கூடாதுன்னு எழுதியிருக்கு. படிக்கத் தெரியாதா? சேத்துக் காலோட உள்ள வராதே!" அவன் வெறுங்கையோடு திரும்பிப் போனான்.

என் கதவில் அப்படி ஒரு சீட்டு இல்லை. பிள்ளைகளின் அப்பா போருக்குப் போனவர், அவரிடமிருந்தும் கடிதமில்லை. ஆனாலும் இன்று பிள்ளைகள் பால் குடித்தார்கள்.

கோயிலில் எந்த ஜெபப் புத்தகம் என்று நாம் போட்ட சண்டைக்குப் பிறகு, மூன்று வருடமாக என்னை நீ படியேற விட்டதில்லை. நாளை வெண்ணெயோடு வருகிறேன். பசுவுக்குத் திறந்த கதவை எனக்கும் திற.

கர்த்தருக்குள்,
உன் பக்கத்து வீட்டுக்காரி