பின் மேசைப் பேச்சு

அண்ணே,

நேற்று பிரிக்பீல்ட்ஸில் நாம் வழக்கமாகச் சாப்பிடும் கடைக்குப் போயிருந்தேன். மத்தியானக் கூட்டம் வடிந்திருந்தது. சுவரில் இருந்த டிவி சத்தமில்லாமல் ஓடிக்கொண்டிருந்தது. நாம் நடித்த நாடகம் ஒன்றை மறுபடியும் போட்டிருந்தார்கள். கதாநாயகனும் கதாநாயகியும் ஒரு சாப்பாட்டுக் கடையில் உட்கார்ந்து சண்டை போடுகிறார்கள். அவர்களுக்குப் பின்னால், கொஞ்சம் மங்கலாக, ஒரு மேசை. அதில் முகம் தெரிகிற மாதிரி நீங்கள். உங்களுக்கு எதிரே, முதுகைக் காட்டிக்கொண்டு நான்.

கல்லாவில் இருந்த பெண், "என்னா அங்கிள், இப்படிப் பாக்குறீங்க? சத்தம் வைக்கவா?" என்று கேட்டாள்.

"வேணாம்மா. அப்படியே இருக்கட்டும்."

சத்தம் வைத்தால் முன்னால் இருக்கிற இரண்டு பேரின் பேச்சுதான் கேட்கும். சத்தம் இல்லாதபோதாவது அவர்களும் நீங்களும் ஒன்று.

உள்ளூர் நாடகங்களில் எத்தனை வருடம் நடித்தீர்கள் என்று உங்களுக்கே கணக்கு கிடையாது. போர்ட் கிள்ளான் கிடங்கில் ஷிப்ட் வேலை, ஓய்வு நாளில் ஷூட்டிங். ஒரு வரி வசனம்கூட உங்களுக்கு யாரும் தந்ததில்லை. பந்தியில் சாப்பிடுகிறவர், ஆஸ்பத்திரிக் கட்டிலில் கண் மூடிக் கிடக்கிறவர், கோவிலில் யாருக்கோ பின்னால் நின்று கும்பிடுகிறவர். இளவட்டங்கள் உங்களைக் கண்டால், "ஊமைப்பட ஹீரோ வந்தாச்சு லா" என்று கத்துவார்கள். நீங்கள் சும்மா இருப்பவரா? "ஆமா லா. அந்தக் காலத்துல பொறந்திருந்தா நான்தான் ஸ்டாரு. இங்க வசனம் பேசுறவன்லாம் வீட்டுக்குப் போயிருப்பான்" என்பீர்கள்.

உங்கள் முதல் வேடம் பிணம். காப்பாரில் ஒரு வீட்டில் உங்களைக் கிடத்தி மாலை போட்டிருந்தார்கள். அழுகிற சொந்தக்காரர்களில் நான் ஒருவன். அன்றுதான் உங்களை முதன்முதலாகப் பார்த்தேன். ஓர் ஈ உங்கள் மூக்கில் உட்கார்ந்து, உதட்டுக்கு இறங்கி, மறுபடியும் மூக்குக்கு ஏறியது. நீங்கள் அசையவே இல்லை. எனக்குச் சிரிப்புத் தாங்காமல் துண்டால் முகத்தை மூடிக்கொண்டு குலுங்கினேன். டைரக்டர் என் அழுகையைப் பாராட்டினார்! கட் சொன்னதும் எழுந்து மூக்கைத் தேய்த்துக்கொண்டு நீங்கள் சொன்னீர்கள்: "பொணமா நடிக்கத்தான்யா நல்ல உசுரு வேணும்."

அதற்குப் பிறகு நம்மை எப்போதும் பின் மேசையில் சேர்த்தே உட்கார வைத்தார்கள். பின்னால் இருப்பவர்கள் சத்தம் வராமல் உதட்டை மட்டும் அசைத்துப் பேசுகிற மாதிரி நடிக்க வேண்டும். மற்றவர்கள் எல்லாம் ஒன்று, இரண்டு, மூன்று என்று எண்ணிக்கொண்டிருப்பார்கள். உங்களுக்கு அது பிடிக்காது. "எண்ணுறவன் மூஞ்சி எண்ணுற மாதிரியேதான் இருக்கும். நாம நெசமாவே பேசுவோம்" என்றீர்கள். அப்படித்தான் பேசினோம். பழகப் பழக உங்கள் உதட்டைப் பார்த்தால் போதும், எனக்கு எல்லாம் புரிந்துவிடும். "மவன் போனை எடுக்கறதில்ல" என்று நீங்கள் சொன்னது அந்த மேசையில்தான். என் மனைவி இறந்த பிறகு வீட்டில் அடுப்பே பற்றவைப்பதில்லை என்று நான் சொன்னதும் அங்கேதான். வெளியே வந்தால் நீங்கள் வெறும் கேலிப் பேர்வழி. ரயிலில் நான் மகனைப் பற்றிக் கேட்டால் முகத்தைத் திருப்பிக்கொள்வீர்கள். "அது அங்க பேசுனது. இங்க எதுக்கு?"

நேற்று ஓடியது நம் கடைசி நாடகம். கேமரா ஓடத் தொடங்கியதும் நீங்கள் நுரை பொங்க ஆற்றிய டீயை, அந்தத் தே தாரிக்கை, ஒரு வாய் குடித்துவிட்டு, உதட்டை அசைத்துக் கேட்டீர்கள்: "நான் இல்லாட்டி நீ என்னா பண்ணுவே?"

நான் யோசிக்கவே இல்லை. "நிம்மதியா இருப்பேன்" என்றேன். தலையைப் பின்னால் சாய்த்துச் சிரித்தீர்கள்.

கதாநாயகனுக்கு அன்று வசனம் வாயில் நுழையவில்லை. முதல் தடவை செய்ததையே ஒவ்வொரு தடவையும் செய்ய வேண்டும், இல்லாவிட்டால் காட்சி ஒட்டாது என்பது நமக்கு மனப்பாடம். ஆகவே நீங்கள் திரும்பத் திரும்பக் கேட்டீர்கள், நானும் திரும்பத் திரும்ப நிம்மதியாக இருப்பேன் என்றேன். நீங்களும் தலையைச் சாய்த்துச் சிரித்தீர்கள். உடம்புக்குள் என்ன இருக்கிறதென்று டாக்டர் ஏற்கெனவே உங்களிடம் சொல்லியிருந்தார். எனக்கு அது தெரியாது.

ரயிலில், "ஏண்ணே அப்படிக் கேட்டீங்க?" என்றேன். நீங்கள் ஜன்னல் பக்கம் பார்த்தபடி, "கிள்ளான் வந்திருச்சு, எறங்கு" என்றீர்கள். இறங்கிவிட்டேன்.

உங்களை வீட்டில் கிடத்தியிருந்தபோது நான் தலைமாட்டில் நின்றேன். உங்கள் மகன் வந்திருந்தான். உங்களைப் பிணமாக எத்தனையோ தடவை பார்த்தவன் நான், அதனால் எனக்கு அழுகை வரவில்லை. ஓர் ஈ வந்து மூக்கில் உட்கார்ந்தது. கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டிருந்துவிட்டு, கையை வீசி விரட்டினேன். "சீனைக் கெடுத்துட்டியேடா" என்று எழுந்து திட்டுவீர்கள் என்று நிஜமாகவே எதிர்பார்த்தேன். பிறகுதான் அழுதேன். பாராட்டுவதற்கு டைரக்டர் இல்லை.

நிம்மதியாக இல்லை, அண்ணே. ஷூட்டிங்குக்குக் கூப்பிட்டால் போவதில்லை. எதிரே வேறு ஒருவரை உட்கார வைப்பார்கள், அவர் எண்ணிக்கொண்டிருப்பார். பேச்சுத் துணைக்கு வீட்டில் டிவிதான் இருக்கிறது. இதையெல்லாம் உங்கள் படத்துக்கு முன்னால் நின்று சொல்லிப் பார்த்தேன், ஒட்டவில்லை. அங்கே கேட்ட கேள்விக்கு அங்கேதானே பதில் சொல்ல வேண்டும்?

நேற்று அந்த மேசை மறுபடியும் வந்தது. நீங்கள் தே தாரிக்கைக் குடித்தீர்கள், கேட்டீர்கள். நாடகத்தில் என் முதுகுதான் தெரிகிறது. நான் என்ன பதில் சொன்னேன் என்பது உலகத்தில் யாருக்கும் தெரியாது. சாப்பாட்டில் இருந்து கையை எடுத்துவிட்டு, சத்தம் வராமல் உதட்டை அசைத்தேன்.

"என்னா பண்றதுன்னு தெரியலண்ணே."

நீங்கள் தலையைப் பின்னால் சாய்த்துச் சிரித்தீர்கள்.