வாசலில் விட்டுப்போன பெயர்

ஜூன் 3, செவ்வாய்

பலேசா வீட்டிலிருந்து கடிதம் வந்தது. சனிக்கிழமை அவளுக்காக அவளுடைய மாமாக்கள் பெண் கேட்டு வருகிறார்கள். பெண், என் அக்கா பும்லா. பலேசாவும் பெண்தான். அம்மாவுக்கு இவர்கள் காதல் ஐந்து வருடமாகத் தெரியும்; காகிதத்தில் வந்தது இப்போதுதான்.

அம்மா படித்துவிட்டு உறைக்குள் வைத்தாள். "கேட் திறக்காது," என்றாள்.

ஜூன் 5, வியாழன்

வியாழன்தோறும் அம்மாவுக்குப் பெண்கள் ஜெபக்கூட்டம். சீருடை உண்டு: சிவப்புச் சட்டை, வெள்ளைக் காலர். ஒழுங்கு தவறியவள் என்று முடிவானால், இப்படி ஒரு கல்யாணத்துக்குச் சம்மதித்தாலும்கூட, சட்டையைத் திரும்ப வாங்கிவிடுவார்கள். அம்மா பதினெட்டு வருடமாகப் போடுகிறாள்.

பும்லா போனில் சொன்னாள்: "திறக்கலேன்னா அவங்க மறுபடி வரமாட்டாங்க, ஸிகோனா. அம்மா ஆசீர்வாதம் இல்லாம நான் கட்டிக்கவும் மாட்டேன். நானும் ஜெபம் பண்றவதான்டி."

வேதாகமத்தில் வாசல் வரும் இடங்களைக் குறித்துப் பார்த்தேன். திறப்பதும் இருக்கிறது, அடைப்பதும் இருக்கிறது. உதவவில்லை.

ஜூன் 6, வெள்ளி

மொண்டே சித்தப்பா வந்துவிட்டார். அப்பா இல்லாததால் பேச வேண்டியவர் அவர். "அண்ணி சொல்லாம நான் திறக்க மாட்டேன்," என்றார். "அப்ப நல்லாத் தூங்குங்க," என்றாள் அம்மா.

ஜூன் 7, சனி

விடியும்போதே கேட்டுக்கு வெளியே பலேசாவின் மாமாக்கள் மூன்று பேர். ஜூன் எங்கள் ஊரில் குளிர்காலம்; புல்லெல்லாம் உறைபனி. கேட் திறக்கும்வரை எங்கள் குலப் பெயர்களைச் சொல்லிக் கூப்பிட்டுக்கொண்டே நிற்க வேண்டும், அதுதான் முறை. அவர்கள் சோத்தோக்காரர்கள், வேறு இனம், வேறு மொழி; மனப்பாடம் செய்து வந்திருந்தார்கள்.

"த்லாமினி! ஸிஸி! ஜாமா!"

மறுபடியும் அதே மூன்று. நான்காவது பெயரான பகாடேயை விட்டுவிட்டார்கள். அப்பாவைப் புதைத்தபோது அம்மா கடைசியாகச் சொன்ன பெயர் அது.

ஆறாவது தடவை அம்மா டீக் கோப்பையைக் கீழே வைத்தாள். "என்ன, எங்க வீடு பாதிக் குலமா?"

பெண் கேட்டு நிற்கும் நேரத்தில் வீட்டுப் பெண்கள் வெளியே போகக் கூடாது; அம்மா போனாள். "அண்ணி, அண்ணி" என்று சித்தப்பா பின்னாலேயே ஓடினார்.

"பகாடே எங்க? என் புருஷனோட குலப் பேர முழுங்கிட்டீங்களே?"

மூவரில் பெரியவர் தொப்பியைக் கழற்றினார். "மன்னிச்சுக்கோங்கம்மா. வழியெல்லாம் சொல்லிக்கிட்டேதான் வந்தோம். குளிர்ல ஒண்ணு உதிர்ந்துபோச்சு. சொல்லிக் கொடுங்க."

அம்மா முதலிலிருந்து சொன்னாள். அவர்கள் திருப்பிச் சொன்னார்கள், ஒன்றையும் விடாமல். சரியாகச் சொன்னவர்களை வெளியே நிற்க வைக்க முடியாது. அம்மாவுக்கு இது தெரியாதா? தெரிந்தேதான் சொல்லிக் கொடுத்தாளா?

கேட் சாவி காலையிலிருந்தே அவள் ஏப்ரன் பையில் இருந்திருக்கிறது; எடுத்துத் திறந்தாள்.

ஜூன் 12, வியாழன்

அம்மா சிவப்புச் சட்டையை இஸ்திரி போட்டாள். திருப்பிக் கொடுக்கவா, போட்டுக்கொள்ளவா என்று கேட்டேன்.

"போட்டுக்கத்தான். வேணும்னா கேக்கட்டும். என் முகத்தைப் பாத்துக் கேக்கட்டும்."

நான்கு மணிக்குத் திரும்பி வந்தாள், சட்டையைப் போட்டபடியே. பும்லாவுக்குப் போன் போடச் சொன்னாள்.