கட்டிலுக்கடியில் இருந்த பெட்டி

மெக்சிகோ நகரம்,
1956 மார்ச் 11

அன்புள்ள லாலி,

நானும் அப்பாவும் நலம். உன் நலம் பற்றி நீ எழுதுவதைப் பாதிதான் நம்புகிறேன், உன்னைப்போன்ற மருத்துவர்கள் தங்கள் இருமலைக் கணக்கில் சேர்ப்பதில்லை. உன் மொந்தெவிதெயோ ஊரில் குளிர் தொடங்குமுன் நல்ல கம்பளிச் சட்டை ஒன்று வாங்கிக்கொள். அப்பாவின் முழங்கால் பரவாயில்லை, பள்ளியில் கணக்கு நடத்திவிட்டு வந்து வழக்கம்போல் வானொலியில் ஸ்பெயின் செய்தி தேடுகிறார்.

படம் என்ன ஆயிற்று என்று கேட்டிருந்தாய். ஒண்டுக்குடித்தன வீட்டு வாசலைக் காக்கும் ஒருத்தியைப் பற்றி நான் எழுதிய கதை அது. அந்த வேடத்துக்கு இருந்த நடிகை படப்பிடிப்புக்கு முந்தைய வாரம் கணுக்காலை முறித்துக்கொண்டாள். இயக்குநர் உபால்தோ என்னிடம், “எழுதின நீங்களே நடிச்சிடுங்க தோன்யா ரொசெர், வசனம் மறந்தா திட்டவும் வேற ஆள் தேட வேண்டாம்” என்றார். போரில் தோற்று ஸ்பெயினைவிட்டுக் கப்பலில் வந்து பதினேழு வருடங்களாகிறது, இதுவரை எனக்குக் கிடைத்த வேடமெல்லாம் சீமாட்டியும் மடத்துத் தலைவியும்தான். பார்சலோனாப் பக்கத்துக் கத்தலான் பேசிப் பழகிய என் நாக்குக்கு அதற்குமேல் வராது என்பது ஸ்டூடியோக்காரர்களின் முடிவு. தயாரிப்பாளர் தோன் எலியோதோரோவும் அதையே சொன்னார், “முகம் உங்களுது இருக்கட்டும், குரலுக்கு வேற ஆளைப் போட்டுக்கலாம்” என்று. நியாயம்தான் என்று வீட்டுக்கு வந்துவிட்டேன். சூப் ஆறுவதற்குள் கோபம் வந்தது. என் வசனத்தைப் பேச என் வாய்க்கே தகுதியில்லையா? உட்கார்ந்து திருத்தி எழுதினேன். வாசல்காரி இப்போது நம்மைப்போல் கப்பலில் வந்தவள், மூன்று மாதத்தில் திரும்பிவிடலாம் என்று பெட்டியைக் கயிறு அவிழ்க்காமல் கட்டிலுக்கடியில் வைத்திருப்பவள். யார் வீட்டுப் பெட்டி என்று உனக்குச் சொல்ல வேண்டியதில்லை. எலியோதோரோ படித்துவிட்டு, “சரி, எடுத்து முடிச்சு லகுனீயா தியேட்டர்ல போட்டுப் பாப்போம். மேல்மாடி மலிவு டிக்கெட்காரங்க கேலியா விசிலடிச்சா மறுநாளே வேற குரல். அப்புறம் ஆயுசுக்கும் நீங்க சீமாட்டிதான்” என்றார்.

போன சனிக்கிழமை மதியக் காட்சி. நானும் அப்பாவும் கீழே கடைசி வரிசையில். மேலே இருந்து பூசணி விதைத் தோல் எங்கள் தலையில் விழுந்துகொண்டிருந்தது. நான் திரையில் வாயைத் திறந்ததுமே ஒருவன், “ஏ ஸ்பெயின்காரி, கப்பலுக்கு நேரமாச்சு, ஓடு!” என்று கத்தினான். ஒரே சிரிப்பு, இரண்டு விசில். முன்வரிசையில் இருந்த எலியோதோரோ திரும்பி என்னைப் பார்த்தார், நான் என் செருப்பைப் பார்த்தேன். பிறகு அந்தக் காட்சி வந்தது. பெட்டியை ஏன் பிரிக்கவில்லை என்று பக்கத்துக் குடித்தனப் பெண் கேட்கிறாள், “கயித்த அவுத்தா திரும்பக் கட்டணுமேம்மா” என்கிறேன். மேலே விதை கொறிக்கும் சத்தம்கூட நின்றுவிட்டது. அப்பா கைக்குட்டையைத் தேடினார். அப்போது அதே குரல், “அட, பெட்டியப் பிரி ஆத்தா! இனிமே எங்க போகப்போற? நீ நம்ம ஆளு!” என்றது. இன்னொருவன், “ஏன்டா, அவளுக்கு அலமாரி நீ வாங்கித் தரப்போறியா?” என்றான். தியேட்டரே அதிர்ந்தது லாலி, நானும் வாய்விட்டுச் சிரித்தேன். வெளியே வந்ததும் எலியோதோரோ, “குரல் அப்படியே இருக்கட்டும், அடுத்த கதை எப்போ?” என்று மட்டும் கேட்டார்.

மேல்மாடியில் ஒருவன் கத்தியதால் நான் இந்த ஊர்க்காரி ஆகிவிட்டேன் என்று நினைக்கவில்லை, அடுத்த படம் பிடிக்காவிட்டால் அவனே மறுபடி கப்பலேற்றுவான். ஆனாலும் திங்கட்கிழமை போய் ஓர் அலமாரி வாங்கினேன். “மூணு மாசத்துக்கு எதுக்கு அலமாரி?” என்று அப்பா பழைய பாட்டைத்தான் பாடினார், பாடிக்கொண்டே சமையல் கத்தியை எடுத்து வந்தார். பெட்டிக்குள் பூச்சி அரித்த உன் ஒன்பது வயதுக் கோட்டும் பார்சலோனாவில் வாங்கிய இரண்டு மத்திமீன் டப்பாக்களும் இருந்தன. டப்பாவைத் திறந்து பார்க்கலாம் என்றார் அப்பா, நான் விடவில்லை.

உடம்பைப் பார்த்துக்கொள், வேளைக்குச் சாப்பிடு, உன் கைபட்ட நோயாளிகள் எல்லாரும் பிழைக்கட்டும், நீயும் சிரித்த முகமாக இரு. டிசம்பரில் வரும்போது கைவீசிக்கொண்டு வா. திரும்பும்போது சாமான் வைக்க அந்தப் பெட்டியைத் தருகிறேன். கயிறு மட்டும் நீதான் வாங்க வேண்டும், பழையதை அப்பா துண்டு துண்டாக அறுத்துவிட்டார்.

முத்தங்களுடன்,
உன் அம்மா,
ரொசெர்