நீ அடித்துவிட்ட வரி

உன் தகரப்பெட்டியைத் திறந்தபோது எழுந்த பாச்சை உருண்டை வாசனை, மூன்று வாரமாகியும் என் அறையை விட்டுப் போகவில்லை. பெட்டியைக் கொண்டுவந்து வைத்தவள் உன் மகள். "மாமா, அத்தாவோட பட்டாளத்துக் காகிதமெல்லாம் இதுலதான் இருக்கு. எது வேணும், எது வேணாம்னு எனக்குத் தெரியல. நீங்கதான் இப்ப படிக்கிறீங்களே, பாத்துச் சொல்லுங்க" என்றாள். நான் படிக்கிறவன் என்று ஒருவர் சொல்லி என் காதால் கேட்டது எழுபத்து மூன்று வயதில் அதுதான் முதல் தடவை. அவள் போன பிறகும் கொஞ்ச நேரம் பெட்டியைத் தொடாமல் அந்தச் சந்தோஷத்திலேயே உட்கார்ந்திருந்தேன்.

உனக்குத் தெரியாத சேதி இது, பாய். நீ போன பிறகு என் காகிதங்களைப் படித்துச் சொல்ல ஆளில்லை. மருமகளிடம் கேட்டால் படிப்பாள். ஆனால் பாதி படித்து மீதியை அவளே முடிவு செய்துவிடுவாள். அதனால் பிள்ளைச்சாவடி சமுதாயக்கூடத்தில் நடக்கும் மாலை வகுப்பில் போய் உட்கார்ந்தேன். மீன் விற்கும் பெண்கள் பதினோரு பேர், நான் ஒருவன். நம்மூர்ப் பழைய ஆட்கள் எந்தப் பட்டாளத்துக்காரனையும் பிரெஞ்சுக்காரன் காலத்து வழக்கப்படி சொல்தா என்றுதானே சொல்வார்கள்? அந்தப் பெண்களும் என்னை அப்படித்தான் கூப்பிட்டார்கள். எலி என்பதை நான் எல என்று எழுதிவிட்டால், "சொல்தா தாத்தா, எலிக்கு வாலு போடாம வுட்டீங்களே, யாரு கடிச்சினு போனது?" என்பார்கள். எனக்குக் கோபமே வரவில்லை. ஆறாம் மாதம் தவளக்குப்பம் என்று போட்டிருந்த பேருந்தில் யாரையும் கேட்காமல் ஏறினேன். அங்கே இறங்கி ஒரு டீ குடித்துவிட்டுத் திரும்பி வந்தேன். அங்கே எனக்கு ஒரு வேலையும் இல்லை.

அந்த ஆளாகத்தான் உன் பெட்டியைத் திறந்தேன். காகிதங்களுக்கு நடுவே, பழுப்பேறிய ஒரு கார்பன் நகலின் அடியில் என் கையெழுத்து இருந்தது. அந்தக் காலத்தில் நான் எழுதியதல்ல, வரைந்தது. பட்டாளத்தில் சேர்வதற்காகக் கோலம் பழகுவதுபோல் பழகிய கையெழுத்து அது.

எந்தத் தாள் என்று உடனே தெரிந்துவிட்டது. படிக்க நான்கு நாளாயிற்று.

நம் பயிற்சி முகாமை நினைத்துக்கொள். மலைப்பக்கம் கலகம் நடந்த காலம். அங்கே எதிரிக்குச் சீருடை கிடையாது, ஊருக்குள் ஊர்க்காரனாகவே இருப்பான். அதனால் மேலே போகிற ஒவ்வொரு கம்பெனியும் முதலில் நம் முகாமில் ஆறு வாரம் இருக்க வேண்டும். மூங்கிலால் எட்டுக் குடிசை கட்டிப் பொய்யாக ஓர் ஊர் வைத்திருந்தோம். கோழி உண்டு, எரிகிற அடுப்பு உண்டு. ஊர்க்காரர்களாக நடிக்கச் சமையல்காரன், நாவிதர், சலவைக்காரர் என்று துப்பாக்கி பிடிக்காதவர்களைப் பிடித்துப் போடுவார்கள். கடலில் படகு ஏறினால் வாந்தி எடுத்ததால் ஊரை விட்டு ஓடி, எட்டாவது படித்ததாகப் பொய்ச் சான்றிதழ் கொடுத்துச் சமையல்காரனாகச் சேர்ந்தவன் நான். எனக்குக் கிடைத்தது ஊர்க்கிழவன் வேடம். அப்போது எனக்கு முப்பத்தைந்து வயது. நீ பயிற்றுநர் ஹவில்தார். அன்று முதல் கடைசி வரைக்கும் என்னைப் "பெரியவரே" என்றுதான் கூப்பிட்டாய்.

சிப்பாய்கள் எல்லோருக்கும் ஓர் அட்டை கொடுத்திருந்தார்கள். பெண்களைத் தொடாதே, வீட்டுப் பொருளை எடுக்காதே, பிடிபட்டவனை அடிக்காதே என்று வரிசையாக எழுதியிருக்கும். காலையில் எல்லோரும் அதை உரக்கச் சொல்வார்கள். உனக்கு அதில் நம்பிக்கை இல்லை. "மனப்பாடம் பண்ணவன்லாம் நல்லவன்னா, கிளிக்குத்தான்டா மொதல்ல ஸ்டார் குத்தணும்" என்பாய். அதற்குப் பதிலாக நீயே ஒரு வழக்கம் ஏற்படுத்தினாய். சோதனைப் பயிற்சி முடிந்ததும் சிப்பாய்களைத் தரையில் உட்காரவைப்பாய். ஊர்க்காரர்களான நாங்கள் நின்றுகொண்டு பேச வேண்டும். யார் கதவைத் தட்டினான், யார் உதைத்தான், யார் என்ன சொன்னான் என்று ஒவ்வொருவராகச் சொல்லி முடிக்கிறவரை சிப்பாய்கள் வாய் திறக்கக் கூடாது. "துப்பாக்கி வச்சிருக்கறவனுக்கு மார்க் போட வேண்டியவன், துப்பாக்கி இல்லாதவன்தான்" என்பது உன் பேச்சு.

ஒருநாள் ஓர் இளைஞன் என் சோற்றுப் பானையைக் காலால் தள்ளிவிட்டு, பிறகு எல்லார் முன்னாலும் "மன்னிச்சிக்குங்க பெரியவரே" என்றான். நாவிதர் என் காதில், "நெசமாவே அவனுக்கு மாமனாரு ஆயிடுவ போலக்கீது" என்றார். நான் சிரித்துவிட்டேன். நீ முறைத்தாய். அந்த இளைஞன் அதற்குப் பிறகு என் சமையலறைக்கு வரும்போதுகூடச் செருப்பைக் கழற்றிவிட்டுத்தான் வருவான்.

அப்புறம் அந்தப் பிரிவு வந்தது. பத்துப் பேர், தலைவன் உனக்கு ஒரு படி கீழே, நாயக் பதவிக்காரன். ஒளித்துவைத்த மூன்று துப்பாக்கிகளில் இரண்டை அவர்கள் எடுத்துவிட்டார்கள். மூன்றாவது கிடைக்கவில்லை. வாய் பேசாதவராக நடித்த சலவைக்காரரைப் பிடித்து, தலையைத் தண்ணீர்ப் பீப்பாயில் அமுக்கினார்கள். ஒருமுறையல்ல, நான்கு முறை. நான் தலையில் கைவைத்தபடி மூன்று முழத் தூரத்தில் நின்றேன். அவருக்கு அந்த மூன்றாவது துப்பாக்கி எங்கே என்று உண்மையிலேயே தெரியாது. இருமல் சத்தம் கேட்டு ஊரின் அந்தக் கோடியிலிருந்து நீ விசில் ஊதிக்கொண்டு ஓடிவந்தாய்.

"பயிற்சிதானே ஹவில்தார், சும்மா வெளாட்டுக்கு" என்று நாயக் சிரித்தான். பத்துப் பேரும் சிரித்தார்கள். சலவைக்காரரும் மூக்கைத் துடைத்துக்கொண்டு சிரித்தார். வேறு என்ன செய்வார்?

நீ சிரிக்கவில்லை. "இங்க சிரிச்சிகினே செய்றதை, மேல போனா சிரிக்காம செய்வீங்க" என்று சொல்லி, பிரிவு தேறவில்லை, மறுபடி முதலிலிருந்து ஆறு வாரம் என்று எழுதிக் கொடுத்தாய். கம்பெனி பத்து நாளில் கிளம்ப வேண்டியிருந்தது. மேலே ஆள் போதவில்லை. அதிகாரிக்கு உன் காகிதம் பிடிக்கவில்லை. நடந்ததை விசாரிக்க வேண்டும், பார்த்தவர்களிடம் வாக்குமூலம் வாங்க வேண்டும் என்றார். சலவைக்காரர் பயந்து வாய் திறக்கவில்லை, பக்கத்தில் நின்று பார்த்த ஊர்க்காரன் நான் ஒருவன்தான்.

எழுத்தர் ஒருவர் சமையலறைக்கு வந்தார். அதிகாரி கதவருகே நின்றார். "நடந்ததை அன்னிக்கே சொல்லிட்டியே, அதையே தமிழ்ல எழுதிக்கினு வந்திருக்கேன். படிச்சுப் பாத்துட்டுக் கையெழுத்துப் போடு" என்று எழுத்தர் தாளை நீட்டினார். படித்துக் காட்டுங்கள் என்று கேட்டிருக்கலாம். கேட்டால் எட்டாவது படித்த பொய் அங்கேயே அவிழ்ந்துவிடும். அதனால் தாளை வாங்கி மேலிருந்து கீழே கண்ணை ஓட்டினேன். அவர்கள் நம்பவேண்டும் என்பதற்காக நடுவில் நிறுத்தி, ஒரு வரியைத் திரும்பப் பார்ப்பதுபோல் பார்த்தேன். தலையை ஆட்டினேன். கையெழுத்தை வரைந்தேன்.

அன்று மாலை நீ சமையலறைக்கு வந்தாய். முகாமிலேயே எனக்குப் படிக்கத் தெரியாது என்று அறிந்தவன் நீ ஒருவன்தான். வீட்டிலிருந்து வரும் கடிதங்களை அடுப்படியில் உட்கார்ந்து படித்துக் காட்டுகிறவன்.

"அந்தக் காகிதத்துல இன்னா இருந்துச்சுன்னு தெரியுமா, பெரியவரே?"

"தெரியாம? நடந்ததுதான். உனக்கோசரம் கெட்டியா கையெழுத்துப் போட்டேன்" என்றேன் பெருமையாக.

நீ தட்டை எடுத்துக்கொண்டு உட்கார்ந்தாய். "சரி. சோறு வை" என்றாய்.

நான் வைத்தேன்.

உன்னைப் பயிற்சியிலிருந்து எடுத்து, கிடங்கில் கம்பளி மடிக்கப் போட்டார்கள். அந்தப் பிரிவு மேலே போனது. மூன்றாம் மாதம் ரேஷன் லாரி ஓட்டிவந்தவன் சொன்னான்: மலையூர் ஒன்றில் ஆயுதம் எதுவும் இல்லாத ஒருவரைத் தண்ணீரில் அமுக்கி விசாரித்ததில் அவர் செத்துப்போனார், அந்த நாயக்கையும் ஆட்களையும் விசாரணைக்குக் கீழே கொண்டுவருகிறார்கள். நீ இரண்டு நாள் சாப்பிடவில்லை. உன்னைத் தேற்றுவதாக நினைத்து, "நீதான் அப்பவே சொன்னியே பாய்" என்றேன். "சொல்றது பெருசில்ல, பெரியவரே" என்றாய். எனக்கு அன்று புரியவில்லை.

இப்போது படித்தேன். முதல் நாள் எனக்குச் சந்தோஷம்தான், அதையும் சொல்லிவிடுகிறேன். தண்ணீர் என்று படித்தேன், பீப்பாய் என்று படித்தேன், என் பெயரைப் படித்தேன். தெரிந்தவர்களைச் சந்தையில் ஒவ்வொருவராகப் பார்ப்பதுபோல் இருந்தது. மூன்றாம் நாள் சொற்கள் ஒன்றோடொன்று சேர்ந்தன. சலவைக்காரர் கால் வழுக்கித் தானே பீப்பாயில் விழுந்தார் என்று இருந்தது. சிப்பாய்கள்தான் அவரைத் தூக்கிவிட்டார்கள் என்று இருந்தது. ஹவில்தாருக்கு நாயக்கோடு பழைய மனக்கசப்பு உண்டு என்று இருந்தது. கீழே நான்.

நான்காம் நாள் அதன் பின்னால் மடித்து வைத்திருந்த இன்னொரு தாளைப் பிரித்தேன். உன் கையெழுத்து. நீ மேலதிகாரிக்கு அனுப்ப முதலில் தமிழில் எழுதிப் பார்த்து, அனுப்பாமல் வைத்திருந்த முறையீடு. அதில் ஒரு வரியை மட்டும் இரண்டு கோடு போட்டு அடித்திருந்தாய். அந்த வரியை வெளிச்சத்தில் பிடித்துப் பிடித்து இரண்டு நாள் படித்தேன். "சாட்சிக்கு எழுதப் படிக்கத் தெரியாது, வாக்குமூலம் அவருக்குப் படித்துக் காட்டப்படவில்லை."

அந்த ஒரு வரியோடு முறையீடு போயிருந்தால் என் வாக்குமூலம் செல்லாமல் போயிருக்கும். அந்தப் பிரிவு இன்னும் ஆறு வாரம் நம்மிடம் இருந்திருக்கும். ஒருவேளை திருந்தியிருப்பார்கள், ஒருவேளை இல்லை. ஆனால் அந்தப் பத்தாம் நாள் மேலே போயிருக்க மாட்டார்கள். என் பொய்ச் சான்றிதழ் வெளிவந்து என்னைத் துரத்தியிருப்பார்கள். அவ்வளவுதானே? நான் பிள்ளைச்சாவடிக்கு வந்து படகில் வாந்தி எடுத்துக்கொண்டு கிடந்திருப்பேன். அதற்காகவா அடித்தாய்?

எனக்கு உன் மேல் கோபம், பாய். யாரோ ஒருவனுக்காக, முகம் தெரியாத ஊர்க்காரனுக்காக, சிப்பாயின் கையைப் பிடித்து நிறுத்த வேண்டும் என்று தினமும் கத்தியவன் நீ. அந்த முகம் தெரியாத ஆள் ஒரு தட்டிலும் உனக்குச் சோறு போடுகிற நான் மறு தட்டிலும் வந்தபோது, நீ என்னை எடுத்தாய். அந்த நாயக் தன் ஆட்களைக் காப்பாற்றினான், அதிகாரி தன் கம்பெனியைக் காப்பாற்றினார், நீ உன் சிநேகிதனைக் காப்பாற்றினாய். அந்த மனிதரைக் காப்பாற்ற ஒருவர்கூட மிச்சமில்லை. அட்டையில் இதற்கு ஒரு வரி இல்லை. எல்லா வரியும் எதிரியைப் பற்றியும் அயலானைப் பற்றியும்தான் இருந்தது. வேண்டியவனிடம் எப்படி நடந்துகொள்வது என்று அதில் யாரும் எழுதவில்லை, நீயும் சொல்லித்தரவில்லை.

அதைவிடப் பெரிய கோபம் இது. ஓய்வு பெற்று வந்து நீ முல்லா வீதியில் தையல் கடை வைத்தாய், நான் தேங்காய்த்திட்டுத் துறைமுகத்தில் சாப்பாட்டுக் கடை போட்டேன். வெள்ளிக்கிழமை தொழுகை முடித்து நீ வருவாய், மீன் குழம்பு ஊற்றுவேன். கை கழுவிவிட்டு என் காகிதங்களைப் படிப்பாய். கரண்டு பில், ஓய்வூதியத் தாள், கல்யாணப் பத்திரிகை. முப்பது வருடம் எல்லாவற்றையும் படித்தாய், இந்த இரண்டு தாளைத் தவிர. ஒருமுறை, நானும் எழுத்து கற்றுக்கொள்ளட்டுமா என்று கேட்டேன். "நான்தான் இருக்கேனே, உனக்கெதுக்குப் பெரியவரே அது?" என்றாய். அன்பு என்று நினைத்தேன். அன்புதானா? இல்லை, நான் என்றைக்காவது இதைப் படித்துவிடுவேன் என்ற பயமா? இரண்டும்தான் என்று நினைக்கிறேன். கேட்டால் சொல்ல நீ இல்லை. எதிரில் இருந்திருந்தால் தட்டைப் பிடுங்கி வைத்துவிட்டுச் சண்டை போட்டிருப்பேன்.

மலையூரில் செத்த அந்த மனிதரின் பெயரைத் தேடிப் பெட்டி முழுக்கப் பார்த்தேன். எங்கும் இல்லை. ஊர்ப் பெயர்கூட இல்லை.

முந்தாநாள் உன் மகள் வந்தாள். எதையும் தூக்கிப் போட வேண்டாம் என்றேன். ஏன் என்றாள். மறைக்காமல் முழுவதையும் சொன்னேன். நீ இத்தனை வருடம் வாய் திறக்காமல் இருந்ததை நானும் அவளிடம் செய்ய முடியாது. அவள் கைப்பையை மடியில் வைத்துக்கொண்டு கேட்டாள். "அப்ப அத்தா பண்ணது தப்புதானா, மாமா?" என்றாள்.

"தப்புதாம்மா. எனக்காவப் பண்ணார்."

"நீங்க?"

"நான் படிச்ச மாதிரி தலைய ஆட்டினேன்."

அவள் அழவில்லை. "அத்தா வெள்ளிக்கிழமை உங்க கடையில சாப்பிட்டு வந்தா, அன்னிக்கு ராத்திரி வரைக்கும் யார்கிட்டயும் பேச மாட்டார். மீன் ஒத்துக்கலையோன்னு அம்மா கேப்பாங்க" என்றாள்.

எனக்கு இது தெரியாது. என் கடையில் நீ சிரித்துப் பேசிவிட்டுத்தான் போவாய். வாராவாரம் என் சோற்றைத் தின்று, என் காகிதத்தைப் படித்து, வீட்டுக்குப் போய் ஊமையாக இருந்திருக்கிறாய்.

நீ அடித்த வரியை ஒரு புதுத் தாளில் அடிக்காமல் எழுதினேன். அதன் கீழே, அந்தச் சலவைக்காரரை நான்கு முறை அமுக்கியதைப் பார்த்தேன் என்று எழுதி என் பெயரைப் போட்டேன். இந்த முறை வரையவில்லை, எழுதினேன். யாருக்கு அனுப்புவது என்று தெரியவில்லை. வாங்கிக்கொள்ள ஓர் அலுவலகமும் இருக்காது என்று மருமகள் சொல்கிறாள். இருக்கட்டும்.

நீ கண் மூடுகிறவரைக்கும் இரண்டு பேர் பாரத்தையும் ஒருவனாகச் சுமந்தாய். நான் உனக்கு எதிரில் உட்கார்ந்து இன்னும் கொஞ்சம் குழம்பு ஊற்றட்டுமா என்று கேட்டுக்கொண்டிருந்தேன். அது எனக்கு அவமானமாக இருக்கிறது, பாய். என் பாதியை அன்றைக்கே, அந்த அடுப்படியிலேயே என்னிடம் கொடுத்திருக்க வேண்டும். முப்பத்தைந்து வயதில் எனக்கு நல்ல தோள் இருந்தது.