நேரே வீட்டுக்குப் போகக் கூடாது

கேசான் சிட்டி
12 மார்ச் 1988

பிரிய சிட்டோவுக்கு,

நலம்தானே? நேற்று உன் கஞ்சிக் கடை வாசலில் நான் வந்து இறங்கியதும் கரண்டியைக் கீழே போட்டாயே, ஏன் வந்தேன் என்று சொல்லத்தான் இதை எழுதுகிறேன்.

படத்தில் நான் செத்துப்போனேன். பாட வந்தவளை நடிக்க வைத்தார்கள், இப்போது சாகவும் வைத்துவிட்டார்கள். காலையிலிருந்து சவப்பெட்டியில் படுத்துக் கிடந்தேன். கிளம்பும்போது மேக்கப் போடும் நேனா கையைப் பிடித்துக்கொண்டாள். "அக்கா, பொட்டியில படுத்துட்டு நேரா வீட்டுக்குப் போவாதீங்க, சாவு கூடவே வந்துரும்! வழியில எங்கயாச்சும் இறங்கி உதறிட்டுப் போங்க." நம் ஊரில் இழவு வீட்டுக்குப் போய்த் திரும்புகிற எல்லாரும் செய்வதுதானே! எங்கேயாவது என்றதும் எனக்கு உன் கடைதான் ஞாபகம் வந்தது.

நாம் பிரிந்து ஒரு வருடம் ஆகிறது. ஆனாலும் கஞ்சியில் இரண்டு முட்டை போட்டாய்.

லூடிங்

மரிகினா
20 மார்ச் 1988

லூடிங்குக்கு,

கரண்டி கை தவறி விழுந்தது. ரொம்ப மிதப்பு வேண்டாம்.

என் கோபம் இன்னும் தீரவில்லை. உன் முதல் பாட்டுக்குக் கிட்டார் வாசித்தவன் நான். மாதா கோயிலில் உன்னோடு மோதிரம் மாற்றியவனும் நான். ஆனால் நீயும் உன்னோடு நடிக்கும் அந்த ரமீலும்தான் ஜோடி என்று ரசிகர்கள் நம்ப வேண்டுமாம். அதற்காக விருது விழாவில் தயாரிப்பாளர் என்னைக் காட்டி, "இவரு லூடிங்கோட டிரைவருங்க" என்றார். நீ சிரித்தாய். அன்று கழற்றிய கம்பிகளை நான் இன்னும் கிட்டாரில் மாட்டவில்லை.

அதற்காகப் பசியோடு வருகிறவளை விரட்டவா முடியும்? அடுத்து எப்போது சாகிறாய்?

சிட்டோ

ஹாங்காங்
3 ஆகஸ்ட் 2004

என் சிட்டோவுக்கு,

இங்கே வீட்டு வேலை செய்யும் நம் ஊர்ப் பெண்களுக்காகப் பாட வந்தேன். மேல் ஸ்தாயி எட்டவில்லை, சிட்டோ. நான் நிறுத்திய இடத்தில் அவர்கள் எல்லாரும் சேர்ந்து பாடி முடித்தார்கள். மேடையிலேயே அழுதுவிட்டேன்.

இப்போதெல்லாம் டிவி தொடர்களில் அம்மா வேடம்தான். விஷம் வைத்துக் கொன்றார்கள், காரை ஏற்றிக் கொன்றார்கள், ஒவ்வொரு முறையும் உன் கஞ்சிதான். கதை எழுதும் பையனிடம், "என்னைய எப்பப்பா சாகடிப்பே?" என்று கேட்டேன். அவன் முழித்தான். "எல்லாரும் உசுரோட வைங்கன்னுதான் கெஞ்சுவாங்க மேடம், உங்களுக்கு என்ன வந்துச்சு?" செத்தால்தான் எனக்குக் கஞ்சி கிடைக்கும் என்று அவனுக்கு எப்படித் தெரியும்!

லூடிங்

மரிகினா
9 ஜூன் 2018

அன்பு லூடிங்குக்கு,

உன் பழைய பாட்டைச் சுருதி இறக்கிப் பாடியதை வானொலியில் கேட்டேன். நன்றாகவே இருக்கிறது.

ஆனால் இந்தப் புதுத் தொடரில் நீ போடும் மாமியார் சாகவே மாட்டாளா? சந்தைக்குப் போனால், "அந்தக் கெழவி என்னிக்குண்ணே ஒழிவா?" என்று பெண்கள் என்னைப் பிடித்து உலுக்குகிறார்கள். நீ இந்தப் பக்கம் வந்தே வெகுகாலம் ஆகிறது. செத்தால்தான் வருவாயா? எனக்கும் வயசாகிறதடி. கடையில் யார் நிழல் விழுந்தாலும் நிமிர்ந்து பார்க்கிறேன்.

சிட்டோ

குபாவ்
2 பிப்ரவரி 2019

என் சிட்டோவுக்கு,

இன்று மாமியாரைக் கொன்றாயிற்று. நான்தான் சண்டை போட்டுச் சாகடிக்கச் சொன்னேன். இனி தொடர் வேண்டாம், பாட்டு மட்டும் போதும்.

வழியனுப்பு விழாவில் ஒரு நிருபர், "ரமீல் சாரத்தானே நெசமா காதலிச்சீங்க?" என்று கேட்டார். மைக்கை வாங்கினேன். "என் புருஷன் மரிகினால கஞ்சிக் கடை வச்சிருக்காரு. கிட்டார்காரரு. டிரைவர் இல்ல" என்றேன். நாளைக்குப் பேப்பரில் வரும், பார்.

இப்போது வேறொரு கஞ்சிக் கடையில் உட்கார்ந்து இதை எழுதுகிறேன். முறைக்காதே! கஞ்சியில் இஞ்சியே இல்லை. ஆனாலும் ஒரு கிண்ணம் குடித்து, பாவாடையை நன்றாக உதறிவிட்டேன். பெட்டியில் படுத்தவள் நேரே வீட்டுக்குப் போகக் கூடாது அல்லவா? அதனால்தான் இன்று இங்கே இறங்கினேன்.

கடிதத்தை நேனா முன்னால் கொண்டுவருகிறாள். பின்னாலேயே நானும் வருகிறேன். முட்டை போட வேண்டாம், வயிறு நிறைந்துவிட்டது. கிட்டாரில் கம்பியை மாட்டி வை.

வீட்டுக்கு வந்துகொண்டிருக்கும்
லூடிங்