பேச்சுக்காகப் போட்ட சோறு

காந்திபுரம், கோயமுத்தூர்

ஏனுங்க மாமா,

நீங்களும் புள்ள ரித்திகாவும் சௌக்கியந்தானுங்களா? உங்க முழங்கால் வலி எப்படி இருக்குதுங்க? நான் நல்லா இருக்கறேன். போன்ல சொல்ல வெக்கமா இருந்துச்சு, அதான் எழுதறேன்.

நான் பாத்துக்கற பெரியவர் பாலுசாமி ஐயாவுக்குச் சக்கரை வியாதின்னு சொன்னேனில்லீங்க. சோறு, கிழங்குல இருக்கற மாவுச்சத்துதான் உள்ள போயிச் சக்கரையா மாறுதாம். ஆனா ஒரேயடியா நிறுத்தவும் கூடாதாம். சோறு கொஞ்சமா, காயும் பருப்பும் நெறையாக் குடுக்கோணும்னு டாக்டர் சொல்லியிருந்தாரு. ஐயாவோ, "கண்ணு, இன்னுங் கொஞ்சம் போடு"ம்பாரு. போட்டா சிரிச்சுப் பேசுவாரு. இந்த ஊட்டுல எங்கூட உக்காந்து பேச வேற ஆளில்லீங்க. அந்தப் பேச்சுக்கு ஆசைப்பட்டு என் பங்குச் சோத்தைத் தெனமும் குடுத்துப்போட்டேன்.

போன வாரம் சக்கரை ஏறி மயங்கிட்டாரு. ஆஸ்பத்திரியில பாத்து இப்பத் தேவலைங்க, பயப்படாதீங்க. அவரு மக, சமைக்கற ரம்ஷாவைத் திட்டி வேலையை விட்டே அனுப்பிட்டாங்க. "நான் அளந்துதானுங்க வெச்சேன்"னு அந்தப் புள்ள அழுதா. நான் பக்கத்துல நின்னும் வாய் தொறக்கலைங்க.

அடுத்த நாள் பொறுக்க மாட்டாம ஐயா மககிட்ட உண்மையைச் சொன்னேன். "உங்களை நம்புனேனே அக்கா"ன்னாங்க அந்தம்மா. ரம்ஷாவைத் திரும்பக் கூப்புட்டாங்க. அவகிட்ட மன்னிப்புக் கேட்டேன். இன்னைக்கு மத்தியானம் எனக்கும் தட்டுல சோறு வெச்சுட்டு, மூஞ்சியைப் பாக்காமப் போயிட்டா. அந்தச் சோத்தை அப்படியே மூடி வெச்சுட்டேனுங்க.

யாராச்சும் இந்தப் பக்கம் வந்தா என் நீலப் போர்வையைக் குடுத்து விடுங்க. ரித்திகாவை ஒருக்கா போன் போடச் சொல்லுங்க. விசயம் ஒண்ணுமில்லை, சும்மா பேசத்தான். ஐயா கூப்புடறாரு.

உங்க
தெய்வாத்தாள்